பதினொரு நிமிடப் பனி

1.

[முதல் வரிக்கு இங்கே இடம் விடப்பட்டிருக்கிறது.]

இந்தக் கதை ஒரு பொய்யில் பிறந்தது. கதை என்றாலே பொய்தானே என்று நீங்கள் சொல்லலாம். இது அந்த வகைப் பொய் இல்லை. ஒரு கிழவர் ஒரு பெண்ணிடம் ஒரு கேள்வி கேட்டார். அவள் ஓம் என்று தலையாட்டினாள். இல்லை என்று ஆட்டியிருந்தால் இந்தக் கொப்பி வெறுமையாகவே இருந்திருக்கும்.

இதை எழுதுகிறவள் முதலில் ‘நான்’ என்றுதான் தொடங்கினாள். நான்கு தடவை தொடங்கி நான்கு தாளையும் கிழித்தாள். ‘அவள்’ என்று எழுதிய தாளைக் கிழிக்கவில்லை. ஆகவே அவள். பெயர் தேனுகா என்று இருக்கட்டும். வயது பதினேழு. கிழவரின் பெயரையும் மாற்றி அர்மாஸ் என்று வைத்தாயிற்று. அவர் பின்லாந்தில் ஒரு காலத்தில் சினிமாப் பட இயக்குநராக இருந்தவர். பதினொரு படங்கள் எடுத்தவர்.

எப்படித் தொடங்குவது?

“பின்லாந்து ஏரிகளின் நாடு. அந்த ஏரிகளில் ஒன்றின் கரையில்—” [அந்த ஏரிகளில் எதையும் அவள் பார்த்ததில்லை. வெட்டு.]

“தேனுகா பள்ளிக்கூடத்தை விட்ட நாளில் மழை—” [மழை பெய்யவில்லை. வெட்டு.]

“குலசிங்கம் அண்ணையின் வீடியோக் கடையிலிருந்து பிள்ளையார் இல்லாமல் ஒரு கசெற்றும் வெளியே போகாது.” [இது உண்மை. இதிலிருந்து போகலாம்.]

2.

கடை கனடாவில், ஸ்காபரோவின் அஜின்கோர்ட் பகுதியில், ஷெப்பர்ட் வீதியில், ஒரு பிளாசாவின் மூலையில் இருந்தது. கண்ணாடியில் மூன்று வேலைகளை எழுதி ஒட்டியிருந்தார்கள்: படக் கசெற் வாடகை, கலியாண வீடு சாமத்திய வீடு வீடியோ எடுத்தல், வெளிநாட்டுக் கசெற் மாற்றுதல். மூன்றாவதுதான் தேனுகாவின் வேலை. ஜெர்மனியிலும் லண்டனிலும் கொழும்பிலும் பிடித்த கசெற் கனடா வீடியோ டெக்கில் ஓடாது. படம் கோடுகோடாகக் கிழிந்து போகும். அண்ணன் சூரிச்சில் தாலி கட்டியதை ஸ்காபரோவிலிருக்கிற தங்கச்சி பார்க்க வேண்டுமென்றால் இப்படி ஒரு கடை வேண்டும்.

பின்னறையில் இரண்டு டெக்குகள். இடது பக்கத்து டெக் எந்த நாட்டுக் கசெற்றையும் ஓட்டும். வலது பக்கத்து டெக் அதைப் புதுக் கசெற்றில் பிடித்துக்கொள்ளும். இதில் குறுக்கு வழி இல்லை. ஒன்றரை மணித்தியாலக் கசெற்றை மாற்ற ஒன்றரை மணித்தியாலம் வேண்டும். அவ்வளவு நேரமும் யாராவது பக்கத்தில் இருக்க வேண்டும், யாரோடும் பேச வேண்டியதில்லை. அவளுக்கென்றே செய்த வேலை.

பத்தாம் வகுப்பில் ஒருநாள் ஒரு பந்தியை எழுந்து நின்று வாசிக்கச் சொன்னார்கள். எழுந்து நின்றாள். வாசிக்கவில்லை. அடுத்த நாள் பள்ளிக்கூடத்துக்கென்று புறப்பட்டு, பேருந்தில் கடைசித் தரிப்பு வரை போய், அதே பேருந்தில் திரும்பினாள். இருபத்துமூன்று நாள் அப்படிப் போனது. ஒருவரும் கண்டுபிடிக்கவில்லை என்பதுதான்— [இந்த வரியை அவளால் முடிக்க முடியவில்லை. அப்படியே இருக்கட்டும்.]

தாய் யாழ்ப்பாணத்தில். இங்கே சித்தி பாலேஸ்வரி வீட்டில் இருந்தாள். விஷயம் தெரியவந்தபோது சித்தி அடிக்கவில்லை. “பள்ளிக்கூடமும் இல்லை, வாயும் இல்லை. எந்த நேரமும் கொப்பியும் கையும். உன்னை நான் எங்கையெண்டு கொண்டுபோய் விடுறது?” என்று கேட்டார். குலசிங்கம் அண்ணையின் கடையில் கொண்டுபோய் விட்டார்.

கொப்பிகள் அவளோடு வந்தன. கலியாண அல்பங்கள் வந்த அட்டைப்பெட்டி ஒன்றுக்குள், பழைய துணியின் கீழ், ஒன்றன்மேல் ஒன்றாகக் கிடந்தன. இது அவற்றில் ஒன்பதாவது.

பிள்ளையார் விஷயத்தைச் சொல்ல வேண்டும். கடையில் பிடிக்கிற ஒவ்வொரு கசெற்றின் தொடக்கத்திலும் முதலில் ஒரு பிள்ளையார் படம், நாதஸ்வரத்தோடு. பிறகு கடையின் பெயர். பிறகு ஒரு சேலைக் கடை, ஒரு சாப்பாட்டுக் கடை, வீடு விற்றுத் தருகிற ஒருவர் என்று விளம்பரங்கள். மொத்தம் ஆறு நிமிடம். இதற்கென்றே ஒரு தனிக் கசெற் இருந்தது. அதை இடது டெக்கில் போட்டு ஆறு நிமிடத்தைப் பிடித்துவிட்டு, வெளியே எடுத்து, வாடிக்கையாளரின் கசெற்றை அதே டெக்கில் போட வேண்டும். இந்த ஒழுங்கை நினைவில் வைத்திருங்கள். அவள் ஒருநாள் வைத்திருக்கவில்லை.

3.

அர்மாஸ் செப்ரெம்பர் மாதத்து ஒரு செவ்வாய்க்கிழமை வந்தார். எண்பது தாண்டிய, உயரமான, தோளில் கொஞ்சம் கூன் விழுந்த மனிதர். கையில் ஒரு கசெற். இந்த ஊரில் வெள்ளைக்காரர்களின் கடைகள் பலவற்றில் ஏறி இறங்கிவிட்டு, கடைசியில் யாரோ சொல்லித் தமிழ்க் கடைக்கு வந்திருக்கிறார்.

போன குளிர்காலம் பின்லாந்துத் தொலைக்காட்சியில் அவருடைய பழைய படங்களை வாரம் ஒன்றாகப் போட்டார்களாம். அங்கேயிருந்த அவருடைய தங்கை ஐனோ ஒவ்வொன்றையும் கசெற்றில் பிடித்து, நீல மையால் எண் போட்டு, பெட்டியில் அடுக்கினார். வசந்த காலத்தில் இறந்துபோனார். பெட்டியைத் தங்கையின் மகன் அனுப்பிவைத்தான்.

அர்மாஸ் பெட்டி முழுவதையும் ஒரேயடியாகக் கொண்டுவரவில்லை. ஒரு செவ்வாய்க்கு ஒரு கசெற். கொடுத்துவிட்டு, முந்தின கசெற்றின் பிரதியை வாங்கிக்கொண்டு போவார்.

“பிள்ளை, உன்ர பின்லாந்து ஐயா வந்து நிக்கிறார்,” என்று குலசிங்கம் அண்ணை உள்ளே குரல் கொடுப்பார். ஒருநாள் பின்னறைக்கு வந்து திரையை எட்டிப் பார்த்தார். “உதென்ன படம்? பாட்டும் இல்லை, சண்டையும் இல்லை. ஆறு பேர் நிண்டு தண்ணியில மரம் போறதைப் பாக்கினம்.”

“மரத்தை ஆத்தில விட்டு ஆலைக்குக் கொண்டு போயினம் அண்ணை.”

“போகட்டும். ஆலை எப்ப வரும்?”

“வராது அண்ணை. படம் முடிஞ்சிடும்.”

“அப்ப பாவம் அந்த மரம்,” என்றார் அண்ணை. ஆனால் கதிரையை இழுத்துப்போட்டுப் பத்து நிமிடம் இருந்துவிட்டுத்தான் போனார்.

[குலசிங்கம் என்ற பாத்திரம் கொஞ்சம் அதிகமாகச் சிரிக்க வைக்கிறதோ என்று சந்தேகம். தனிமையான கதை என்று நினைத்து எழுதத் தொடங்கியது. ஆனால் அவர் அப்படித்தான் இருந்தார். எடுத்துவிட மனம் வரவில்லை.]

தேனுகாவுக்குப் பின்னிஷ் மொழி தெரியாது. படங்களின் பெயரும் தெரியாது. தானே பெயர் வைத்தாள்: தொப்பிக்காரன் படம், இரண்டு தங்கைகள் படம், மரம் ஒன்று, மரம் இரண்டு, மரம் மூன்று. பேச்சு விளங்காததால் கைகளையும் கோப்பைகளையும் கதவுகளையும் பார்த்தாள். நான்காவது வாரம், பிரதியைக் கொடுக்கும்போது, தான் பேசப்போகிறாள் என்று தெரியாமலே பேசிவிட்டாள்.*

“அந்தக் கோப்பைகளில் ஒன்றும் இல்லை.”

அர்மாஸ் திரும்பினார். “எந்தக் கோப்பைகளில்?”

“கோப்பி குடிக்கிற இடத்தில். எல்லோரும் கோப்பையை மிகவும் சரிக்கிறார்கள். உள்ளே கோப்பி இருந்தால் சட்டையில் ஊற்றும்.”

அவர் பிரதியை மேசையில் திரும்ப வைத்தார். “யுத்த காலம்,” என்றார். “நாடு முழுவதும் கோப்பி இல்லை. தண்ணீராவது ஊற்றியிருக்கலாம். நான் நினைக்கவில்லை. ஐம்பது வருடமாக ஒருவரும் இதைச் சொல்லவில்லை.” கோபித்துவிட்டார் என்று அவள் நினைத்தாள். அவர் சிரித்துக்கொண்டிருந்தார்.

* இருவரும் பேசியது ஆங்கிலம். அவருடையதும் உடைந்த ஆங்கிலம், அவளுடையதும் உடைந்தது. அதனால்தான் பேச முடிந்தது. இங்கே தமிழில் எழுதும்போது இருவரும் சரளமாகப் பேசுகிறார்கள். இது எழுதுகிறவள் அவர்களுக்குக் கொடுத்த சின்னச் சலுகை.

4.

அவருடைய தொழில் வாழ்க்கையை இங்கே ஒழுங்காகச் சொல்ல வேண்டும். ஆனால் அவள் அதைத் துண்டுதுண்டாகத்தான் கேட்டாள், பிரதியை உறையில் போட்டுக் கட்டுகிற நேரத்துக்குள்.

அவர் படம் எடுக்கப் போனவரில்லை. தச்சர். படப்பிடிப்புக் கூடத்தில் பொய் வீடுகளுக்குப் பொய்க் கதவுகள் செய்துகொண்டிருந்தார். ஒரு படத்தின் நடுவில் இயக்குநர் படுக்கையில் விழ, மிச்சத்தை முடிக்க ஆள் இல்லாமல், எந்தக் கதவு எங்கே திறக்கும் என்று தெரிந்தவர் என்பதால் இவரைப் பிடித்து நிறுத்தினார்கள். அது நாற்பத்தொன்றில். பிறகு யுத்தத்துக்குள் இரண்டு நகைச்சுவைப் படங்கள். யுத்தம் முடிந்தபின் மரம் ஒன்று. சனம் வரிசையில் நின்று பார்த்தது. முதலாளி இன்னொரு மரம் கேட்டார். எடுத்தார். இன்னும் ஒன்று கேட்டார். எடுத்தார். நடுவில் பாட்டுப் படங்கள். “பத்துப் படம் மற்றவர்களுக்காக எடுத்தேன். பதினோராவதை எடுக்க விடுவார்கள் என்று.”

பதினோராவது ஐம்பத்தேழில் வந்தது. ஆற்றின் இரு கரைக்கும் படகு விடுகிற ஒரு பெண்ணின் கதை. அண்ணன்மார் எல்லோரும் ஊரை விட்டுப் போக, ஒவ்வொருவரையும் அவளே அக்கரையில் கொண்டுபோய் இறக்கிவிடுகிறாள். மூன்று நாள் ஓடியது. அதற்குப் பிறகு அவருக்கு ஒருவரும் வேலை கொடுக்கவில்லை. ஐம்பத்தொன்பதில் கனடாவுக்கு வந்து மறுபடியும் தச்சரானார். டொன் மில்ஸிலும் ஸ்காபரோவிலும் எழும்பிய உயர்ந்த கட்டடங்களில் உண்மையான வீடுகளுக்கு உண்மையான கதவுகள் பொருத்தினார், இருபது வருடம். சித்தியின் வீட்டுக் கதவும் அவர் பொருத்தியதாக இருக்கலாம். [இருக்கலாம் என்பதைத் தவிர இதற்கு ஆதாரம் இல்லை.]

பதினோராவது கசெற்றைக் கொண்டுவந்த நாளில் அவர் கழுத்துப்பட்டி கட்டியிருந்தார்.

“எங்கள் ஊரில் கோடை சின்னது,” என்றார். “வெளிச்சம் போய்விட்டால் படம் நின்றுவிடும். அதனால் முடிவை முதல் நாளே எடுத்துவிடுவேன். எது நடந்தாலும் முடிவு கையில் இருக்கும். முதல் காட்சியைக் கடைசி நாள் எடுப்பேன். அப்போது நடிக்கிறவர்கள் களைத்திருப்பார்கள். கதையை ஒருமுறை வாழ்ந்து முடித்த முகத்தோடு முதல் காட்சியில் வந்து நிற்பார்கள்.”

கசெற்றை மேசையில் வைத்தார். மேலிருந்து கையை எடுக்கவில்லை.

“ஆகவே இதன் முதல் காட்சிதான் என் வாழ்க்கையில் நான் கடைசியாக எடுத்தது. முப்பத்தேழு வருடமாக நான் பார்க்கவில்லை. என்ன காட்சி என்று சொல்லமாட்டேன். நீ பார்.”

5.

இந்தப் பகுதியை எழுதாமல் நேரே ஆறுக்குப் போக முயன்றாள். முடியவில்லை.

அவர் போனதும் அவள் பின்னறைக்கு வந்து கொப்பியை எடுத்தாள். முதல் காட்சியைக் கடைசி நாள் எடுப்பேன் என்ற வசனம் மறந்துபோகுமுன் எழுதிவிட வேண்டும். இடது கையால் எழுதப் பழகாதவள், வலது கையில் பேனையும் இடது கையில் கசெற்றுமாக நின்றாள். மேசையில் மூன்று கசெற்றுகள்: பிள்ளையார், புதுசு, பதினோராவது. பிள்ளையாரை இடது டெக்கில் போட்டாள். அடுத்ததை வலது டெக்கில் தள்ளினாள். பிடிக்கிற பொத்தானை அழுத்தினாள். எழுதினாள்.

மற்றப் பத்துக் கசெற்றிலும், அழிந்துபோகாமல் இருக்க, விளிம்பிலுள்ள பிளாஸ்ரிக் பல்லை ஐனோ உடைத்துவிட்டிருந்தார். பல் இல்லாத கசெற்றைப் போட்டால் வலது டெக் வெளியே தள்ளிவிடும். பதினோராவதில் பல் இருந்தது. டெக் அதைத் தள்ளவில்லை.

ஆறு நிமிடம் முடிந்ததும் பிள்ளையாரை எடுத்துவிட்டு மற்றதை இடது டெக்கில் போட்டுக் கதிரையில் அமர்ந்தாள். திரையில் பனி பெய்தது.

ஆட்கள் இல்லை. வீடு இல்லை. திரை முழுவதும் வெள்ளைப் புள்ளிகள், பெரிய காற்றின் இரைச்சல். அவள் கதிரையைத் திரைக்குக் கிட்ட இழுத்துப் பார்த்தாள். எவ்வளவு துணிச்சல் என்று நினைத்தாள். கொப்பியில் எழுதினாள்: “முதல் காட்சி. பனி. மனிதர் இல்லை. யாரும் வரமாட்டார்கள் என்று தெரிந்தும் பார்க்க வைக்கிறார்.”

ஐந்து நிமிடம் கழித்துத்தான் எழுந்து இடது டெக்கிலிருந்ததை வெளியே எடுத்தாள். அதில் நீல மை இல்லை. அது வெறும் கசெற். வலது டெக் அந்த வெறுமையை ஐனோவின் கசெற்றில் ஒழுங்காகப் பதிந்துகொண்டிருந்தது.

பதினொரு நிமிடம்.

[கொப்பியின் அந்தப் பக்கத்தை அவள் கிழிக்கவில்லை. இருக்கிறது.]

பிறகு செய்ததுதான் பிழை. அதற்கு முன் நடந்ததைக் கைமோசம் என்று சொல்லிவிடலாம். ஐனோவின் கசெற்றின் தலையில் இப்போது பிள்ளையாரும் சேலைக் கடையும் இருந்தன. கடைதான் செய்தது என்று பார்த்தவுடன் தெரிந்துவிடும். தேனுகா கசெற்றை முதலிலிருந்து சுற்றி, அந்த ஆறு நிமிடத்தின் மேலும் வெறுமையைப் பதிந்தாள். பிள்ளையார் போனார். பதினொரு நிமிடமும் பனி ஆனது. தொலைக்காட்சியிலிருந்து பிடித்தவர் கசெற்றை வெறுமனே ஓடவிட்டு, பிந்தித்தான் பிடித்தார் என்று யாரும் சொல்லும்படி ஆனது.

பனிக்குப் பிறகு படம் ஆற்றின் நடுவில் தொடங்குகிறது. படகிலிருக்கிற பெண் அப்போதுதான் முகத்தைத் திருப்புகிறாள். யாரோ ஏதோ கேட்டிருக்கிறார்கள். என்ன கேட்டார்கள் என்பது இல்லை.

6.

பிரதியை வாங்கிப்போன அடுத்த செவ்வாய் அவர் மறுபடி வந்தார். கையில் ஒன்றும் இல்லை. கடையில் ஒரு குடும்பம் மகள் பெரியபிள்ளையானதற்குச் செய்கிற சாமத்திய வீட்டுக்கு வீடியோ பேசிக்கொண்டிருந்தது. ஹெலிகொப்ரரில் வந்து இறங்குவது போல வேண்டும் என்று தாய் சொல்ல, “அக்கா, ஹெலிகொப்ரரை நான் ஒட்டித் தாறன், மண்டபத்தை மட்டும் நீங்கள் பிடியுங்கோ,” என்றார் குலசிங்கம் அண்ணை.

அர்மாஸ் மேசையின் ஓரமாக வந்து நின்றார்.

“முதலில் பனி இருக்கிறது.”

தேனுகா மேசையிலிருந்த பேனையை எடுத்து மூடினாள்.

“எல்லாவற்றையும் நீதான் பார்க்கிறாய். நான் தந்த கசெற்றிலும் இப்படித்தான் இருந்ததா? ஆரம்பத்திலிருந்தே?”

அப்போதுதான் அவள் தலையாட்டினாள்.

அவர் மேசையின் விளிம்பை விரலால் தடவினார், மரம் எப்படி இழைக்கப்பட்டிருக்கிறது என்று பார்ப்பவர் போல. “பத்தையும் செக்கன் பிசகாமல் பிடித்தவள் என் தங்கை,” என்றார். “அந்தப் படகுப் பெண்ணின் கதை வேறு யாருடையதுமில்லை, ஐனோவினுடையதுதான். அண்ணன்மார் நாங்கள் எல்லோரும் ஊரை விட்டு வந்துவிட்டோம். அவள் அம்மாவோடு நின்றாள். அதைப் படமாக எடுத்ததற்கு அவள் என்னோடு இரண்டு வருடம் பேசவில்லை. பிறகு மறந்துவிட்டாள் என்று நினைத்தேன்.” விரலை மேசையிலிருந்து எடுத்தார். “மறக்கவில்லை. வேண்டுமென்றேதான் பிந்தி அழுத்தியிருக்கிறாள்.”

தேனுகா வாயைத் திறந்தாள். பத்தாம் வகுப்பில் எழுந்து நின்றபோது இருந்த அதே வாய்.

“நன்றி,” என்றார் அவர். வாசலில் கதவைச் சாத்தும்போது அது கீச்சிட்டது. ஒருகணம் அதன் கீலைப் பார்த்துவிட்டுப் போனார்.

“உன்ர ஐயாவுக்கு என்ன, முகம் செத்துப்போச்சு?” என்று கேட்டார் அண்ணை.

“படம் முடிஞ்சுது அண்ணை,” என்றாள்.

7.

அதற்குப் பிறகு அவர் வரவில்லை. வரக் காரணமும் இல்லை. பதினொன்றுதான் இருந்தது.

அவருடைய முறையில் எழுதினால் என்ன என்று நினைத்து, முடிவை முதலில் எழுதிப் பார்த்தாள்.

முடிவு ஒன்று: அவள் உண்மையைச் சொல்கிறாள். அவர் சிரித்து, யானைமுகத்துக் கடவுளின் விளம்பரம் என் படத்தை விட நன்றாக ஓடியிருக்கும் என்கிறார். [அவர் அப்படிச் சொல்லக்கூடியவர்தான். ஆனால் இது அவளுக்கு வசதியான முடிவு. வெட்டு.]

முடிவு இரண்டு: அவள் போகும்போது அவர் இறந்துவிட்டிருக்கிறார். [இதுவும் அவளுக்கு வசதி. இன்னும் வசதி. வெட்டு.]

முடிவு மூன்று: அழிந்துபோன பதினொரு நிமிடத்தை அவளே எழுதிக் கொண்டுபோய்க் கொடுக்கிறாள். இதற்குப் பன்னிரண்டு பக்கம் செலவானது. ஐனோ கரையில் நிற்பதாக எழுதினாள். படகில் பாசி துடைப்பதாக எழுதினாள். எதை எழுதினாலும் ஐனோ வாயே திறக்காத பெண்ணாக, யாழ்ப்பாணத்து முகத்தோடு, பேருந்தின் கடைசித் தரிப்பில் இருந்தாள். [அது ஐனோ இல்லை. பன்னிரண்டு பக்கமும் வெட்டு.]

வெட்டி முடித்தபோது ஒன்று விளங்கியது. அவருக்கு அந்தக் காட்சி திரும்பி வரப்போவதில்லை. அதை அவள் அழித்தாயிற்று. ஆனால் அதோடு சேர்த்து ஒரு தங்கையையும் அவரிடமிருந்து எடுத்துவிட்டாள். தங்கையைத் திருப்பிக் கொடுக்கலாம். ஒரே ஒரு வசனம் போதும். அதைக் கொப்பியில் எழுதினால் போதாது.

8.

கடைப் பற்றுச்சீட்டில் அர்மாஸின் விலாசம் இருந்தது. பெப்ரவரி மாதம், ஒரு செவ்வாய்க்கிழமை மத்தியானம், “அண்ணை, ஒரு மணித்தியாலம் வெளியில போட்டு வாறன்,” என்றாள்.

குலசிங்கம் அண்ணை கண்ணாடியை இறக்கிப் பார்த்தார். ஐந்து மாதத்தில் அவள் கேட்ட முதல் லீவு. “போட்டு வா. தொப்பியைப் போடு, காது விழுந்திடும்.”

ஷெப்பர்ட் பேருந்து. கடைசித் தரிப்புக்கு நான்கு தரிப்பு முன்னால் இறங்கினாள். அந்தப் பாதையில் இருபத்துமூன்று நாள் போய் வந்தவள், நடுவில் இறங்கியது இதுதான் முதல் தடவை. வெளியே உண்மையான பனி பெய்துகொண்டிருந்தது. பார்ப்பதற்கு அது டெக்கில் பெய்த பனி போல இல்லை.

கட்டடத்தின் முன்கூடத்தில் சுவரில் பெயர்ப் பட்டியலும் இலக்கப் பொத்தான்களும், பேசுவதற்கு ஒரு சின்னக் கம்பி வலையும். அவருடைய பெயருக்கு எதிரேயிருந்த இலக்கத்தை அழுத்தினாள். மூன்று தடவை மணி அடித்தது. வீட்டில் இல்லை என்று நினைத்தாள். அந்த நினைப்பில் வாசல் பக்கம் திரும்பினாள். அப்போது வலைக்குள்ளிருந்து இருமல் கேட்டது. பிறகு குரல்.

“யார்?”

இங்கே நிறுத்துகிறேன்.

[இங்கே நிறுத்துகிறாள்.]

இந்தக் கட்டடத்தில் மேலேயிருந்து கதவைத் திறந்துவிடாவிட்டால் அரை நிமிடத்தில் இணைப்பு தானாக அறுந்துவிடும். பக்கத்தில் ஒட்டியிருக்கிற தாளில் அப்படித்தான் எழுதியிருக்கிறது. அவளிடம் அந்த வசனம் இருக்கிறது. பேருந்தில் வரும்போது ஆங்கிலத்தில் பத்து முறை உதட்டுக்குள் சொல்லிப் பார்த்திருக்கிறாள். தமிழில் அது இப்படி வரும்: உங்கள் தங்கை சரியான நேரத்தில்தான் பொத்தானை அழுத்தினார்.

இதுதான் கதையின் முதல் வரி. முதலில் விட்ட இடம் இதற்குத்தான். சொன்னபிறகே அங்கே எழுதுவது என்று இருந்தாள். திரும்பிப் போய்ப் பார்த்தீர்களானால் அந்த இடம் வெறுமையாகத்தான் இருக்கும். அதை வைத்து அவள் சொல்லவில்லை என்று முடிவுகட்ட வேண்டாம். சொன்னாள் என்றும் வேண்டாம்.

“யார் அது?” என்று குரல் மறுபடி கேட்கிறது.

பத்துச் செக்கன் போய்விட்டது. இருபது இருக்கிறது.